அன்ரி சொன்ன ‘ஓம்’

போன ஆகஸ்ட் மாதம், இங்கே ஆஸ்திரேலியாவில் குளிர்காலம், ஒரு சனிக்கிழமை. மெல்போர்னிலிருந்து மூன்று மணி நேரப் பயணத்தில் இருக்கும் ஒரு பனிமலைக்கு ஒருநாள் சுற்றுலா போனோம். போனது மூன்று பேர்: நான், மெல்போர்னின் கிளேட்டன் பகுதியில் நான் அறை எடுத்துத் தங்கியிருக்கும் வீட்டு அன்ரி (ஆன்ட்டியை அவர்கள் அப்படித்தான் சொல்வார்கள்), அவருடைய கணவர் அங்கிள். வராதது அவர்களுடைய மகள். டிக்கெட் எடுத்ததே அவர்தான். அம்மா அப்பாவோடு ஒருநாள் பனியில் விளையாட வேண்டும் என்று ஆசையாக மூன்று டிக்கெட் எடுத்துவிட்டு, கடைசி நேரத்தில் சிட்னியில் வேலையில் மாட்டிக்கொண்டார். டிக்கெட்டை வீணாக்காதீங்கோ என்று சிட்னியில் அவர் இருக்கும் பிளாக்டவுனிலிருந்து போன் வந்தது.

“தம்பி, நீரும் வாருமன். ஒரு சீட் சும்மா கிடக்குது” என்று அன்ரி கூப்பிட்டார். சுற்றுலாவில் என்னென்ன உண்டு என்று போனில் படித்தும் காட்டினார். பனியில் நடை, சறுக்குப் பலகை, மதியம் நாய்கள் இழுக்கும் வண்டியில் சவாரி.

எனக்கு நாய் என்றாலே பயம். ஆனாலும் உடனே வருகிறேன் என்றேன். அதற்குக் காரணம் இருந்தது.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். ஐந்தாம் வகுப்பு படிக்கும்போது, பள்ளிக்குப் போகும் வழியில் ஒரு தெருநாய் என் கெண்டைக்காலைக் கவ்விவிட்டது. கடி ஆறியது, பயம் ஆறவில்லை. ஊரில் இருந்தவரை அது பெரிய விஷயமாகத் தெரியவில்லை. எதிரே நாய் வந்தால் அடுத்த தெருவில் போய்விடுவேன். இங்கே நான் படிப்பது நர்சிங். கடைசிப் பயிற்சியாக, நோயாளிகளின் வீட்டுக்கே போய்ப் புண்ணுக்கு மருந்து கட்டுகிற வேலையில் போட்டிருந்தார்கள். பக்கத்து மல்கிரேவ் பகுதியில் தனியாக இருக்கும் ஒரு பெரியவருக்குக் காலில் சர்க்கரைப் புண். நாங்கள் வருகிறோம் என்று நாயைத் துணி துவைக்கும் அறையில் அடைத்துத்தான் வைத்திருந்தார். ஆனால் கதவுக்குப் பின்னாலிருந்து அது குரைத்த ஒவ்வொரு குரைப்புக்கும் என் கையிலிருந்த இடுக்கி ஆடியது. என்னோடு வந்த மேற்பார்வை நர்ஸ் மெதுவாக அதை என் கையிலிருந்து வாங்கி, அவரே கட்டுப் போட்டு முடித்தார்.

காரில் ஏறியதும் அவர் கோபப்படவில்லை. இந்த ஊரில் பாதி வீட்டில் நாய் உண்டு, ஆடுகிற கையோடு உன்னை யாருடைய புண்ணையும் தொடவிட முடியாது என்றார். திங்கட்கிழமை அதே வீடு, அதே நாய். அன்றைக்கும் முடியாவிட்டால் அவர் கையெழுத்துப் போட மாட்டார். பயிற்சி முழுவதையும் அடுத்த செமஸ்டரில் மறுபடி செய்ய வேண்டும். அதற்குள் என் விசா முடிந்துவிடும்.

அதனால்தான் வருகிறேன் என்றேன். திங்கட்கிழமைக்கு முன்னால் ஒரு நாயையாவது தொட்டுவிட்டுத்தான் வீடு திரும்புவது என்று எனக்குள்ளேயே முடிவு செய்துகொண்டேன். யாரிடமும் சொல்லவில்லை.

இங்கே அன்ரியைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். அவர்கள் யாழ்ப்பாணத்துக்காரர்கள். நாம் ஆமா என்று சொல்கிற இடத்தில் அவர்கள் ‘ஓம்’ என்பார்கள். தமிழ்நாட்டிலிருந்து வந்த எனக்கு அது தெரியாது. குடிவந்த முதல் வாரம், சமையலறைக்குள்ளிருந்து ஓம்… ஓம்… ஓம் என்று அன்ரியின் குரல் கேட்டது. பூஜை நடக்கிறது என்று நினைத்து, செருப்பைக் கழற்றிவிட்டு வாசலில் பக்தியோடு நின்றேன். உள்ளே அவர் கேஸ் கம்பெனிக்காரனோடு போனில் பேசிக்கொண்டிருந்தார். அன்ரி ஆங்கிலம் நன்றாகவே பேசுவார். ஆனால் கேள்வி எந்த மொழியில் வந்தாலும் முதலில் ஓம், அதற்குப் பிறகுதான் யெஸ்.

மலையில் காலை நன்றாகவே போனது. வாடகைக்கு எடுத்த பனி உடுப்பில் நாங்கள் மூவரும் உப்பிப்போய் நடந்தோம். அன்ரி குனிந்து பனியை அள்ளினார், முகர்ந்து பார்த்தார், கொஞ்சம் வாயிலும் போட்டுக்கொண்டார்.

“இந்த நாட்டுக்கு வந்து முப்பது வருசம். இவ்வளவு நாளும் இவ ஃபிரிட்ஜுக்குள்ளதான் ஸ்னோ பாத்தவ” என்றார் அங்கிள்.

“நீங்கள் கூட்டிக்கொண்டு வந்திருந்தால் நான் ஏன் ஃபிரிட்ஜைப் பாக்கிறன்?” என்று அன்ரி கையிலிருந்த பனியை அவர் மேலேயே எறிந்தார்.

மதியம் நாய்கள் நின்ற இடத்துக்குப் போனோம். அங்கிளுக்கு முழங்கால் வலி. நாய்களை ஏற்றி வந்த லாரிக்குப் பக்கத்தில் தேநீர் பிளாஸ்கோடு உட்கார்ந்துவிட்டார். சக்கரமில்லாத சறுக்கு வண்டியில் நீண்ட கயிறு பூட்டி, இரண்டிரண்டாகவும் முன்னால் தனியாக ஒன்றுமாக நாய்களைக் கட்டியிருந்தார்கள். எல்லாம் துள்ளின, ஊளையிட்டன, கயிற்றைக் கடித்தன. பக்கத்தில் பேசுவதுகூடக் கேட்கவில்லை. என் கால்கள் தாமாகவே பின்னால் நகர்ந்தன.

வண்டி ஓட்டுகிற வழிகாட்டிப் பெண்ணுக்கு என் வயதுதான் இருக்கும். என்னைப் பார்த்ததுமே புரிந்துகொண்டார். உன்னைப் பார்த்துக் கத்தவில்லை, ஓடவிடு என்று என்னிடம் கத்துகின்றன என்றார். முன்னால் நின்ற சாம்பல் நிறப் பெண் நாயைக் காட்டி, இதுதான் தலைவி என்றார். அதன் பெயர் பிஸ்கட். இந்தக் கதையில் வருகிறவர்களில் நான் பெயர் சொல்வது இது ஒன்றைத்தான். அதற்கு ஆட்சேபம் இருக்காது. பிஸ்கட்டுக்குத் தெரிந்த சொற்களையும் அந்தப் பெண் சொன்னார். வலது பக்கம் திரும்ப ஒன்று, இடது பக்கம் திரும்ப ஒன்று, நிற்க ஒன்று. சாப்பாடு இருக்கும் லாரிக்குத் திரும்ப இன்னொன்று. அதை மட்டும் சொல்லாமல், எச், ஓ, எம், இ என்று எழுத்துக் கூட்டினார். சொன்னால் இப்போதே ஓடிவிடுமாம். நாங்கள் சிரித்தோம்.

வண்டியில் அன்ரி முன்னால், நான் பின்னால். வழிகாட்டி பின்பக்கச் சட்டத்தில் நின்றபடி பிரேக்கைக் காலால் எடுத்தார். அவ்வளவுதான், அத்தனை சத்தமும் சட்டென்று நின்றுவிட்டது. பனியில் வண்டி உரசுவதும் நாய்கள் மூச்சு விடுவதும் மட்டும் கேட்டன. இரண்டு பக்கமும் பனி சுமந்த யூகலிப்டஸ் மரங்கள். இந்த ஓட்டம் இவ்வளவு அமைதியாக இருக்கும் என்று நான் நினைக்கவே இல்லை.

பாதை ஒரு மேட்டைச் சுற்றிக்கொண்டு லாரி நிற்கும் பக்கமே திரும்புகிற இடத்தில் சின்ன வெட்டவெளி. அங்கே வண்டியை நிறுத்தி, ஒரு இரும்புக் கொக்கியைப் பனிக்குள் மிதித்து இறக்கினார் வழிகாட்டி. வெயிலில் பனி கொஞ்சம் இளகியிருந்தது. நான் இறங்கி நாய்களுக்கு எட்டாத தூரத்தில் நின்றேன். தொட வேண்டியதுதான், இதோ தொடப் போகிறேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். வழிகாட்டி ஒரு நாயின் காலில் சிக்கிய கயிற்றை எடுக்கப் போனார். போகிற போக்கில் அன்ரியிடம், குளிராமல் இருக்கிறதா என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

“ஓம் ஓம்!” என்றார் அன்ரி, சந்தோஷமாக, சத்தமாக.

பிஸ்கட்டின் காது நிமிர்ந்தது. அடுத்த நொடி அத்தனை நாய்களும் ஒன்றாகப் பாய்ந்தன. கொக்கி பனியிலிருந்து பிடுங்கிக்கொண்டு வந்தது. இழுபட்ட கயிறு தட்டி வழிகாட்டி விழுந்தார். வண்டி பறந்தது, அன்ரியோடு மட்டும்.

வழிகாட்டி எழப் பார்த்தார், கணுக்கால் பிசகியிருந்தது. நில் என்று கத்திக் கத்திப் பார்த்தார். சாப்பாட்டு நினைப்பில் போகிற நாய்களுக்கு அது கேட்கவில்லை. பிறகு என்னைப் பார்த்துக் கத்தினார். மேட்டைத் தாண்டி நேராக ஓடு, பாதை சுற்றிக்கொண்டு அங்கேதான் வரும், பிஸ்கட்டின் வாரைப் பிடி, பிடித்தால் விடாதே. அதற்கு அப்பால் பாதை ஒரு சாலையைக் கடக்கிறது என்பதும், பனி வாருகிற பெரிய வண்டிகள் அதில் போய்வருகின்றன என்பதும் வரும்போதே நான் பார்த்தது. பிரேக் இருப்பது பின்பக்கத்தில். அன்ரியால் அதை எட்டவே முடியாது.

ஓடினேன். முழங்கால் வரை புதைந்தது. விழுந்தேன், எழுந்தேன், கல்லில் இடித்து உடுப்பு கிழிந்தது. ஒரு கையுறை எங்கேயோ போய்விட்டது. மேட்டின் மறுபக்கம் இறங்கி மரங்களுக்குள்ளிருந்து பாதையில் குதித்தபோது, வளைவில் அவர்கள் வந்துகொண்டிருந்தார்கள். அன்ரியின் சிவப்புக் குல்லா தெரிந்தது.

“அன்ரி! கெட்டியா பிடிச்சிருக்கீங்களா?” என்று கத்தினேன்.

“ஓம்!” என்று பதில் வந்தது. நாய்கள் இன்னும் வேகம் எடுத்தன.

இதை இப்போது எழுதும்போது சிரிப்பு வருகிறது. அப்போது வரவில்லை. பாதை நடுவில் கையை விரித்துக்கொண்டு நின்றேன். நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு அத்தனை நாய்கள் என்னை நோக்கி வருகின்றன. கெண்டைக்காலில் அந்தப் பழைய இடம் சுருக்கென்றது. விலகு, விலகு என்றுதான் உடம்பு முழுக்கச் சொன்னது. தைரியம் வந்துவிட்டது என்று பொய் சொல்ல மாட்டேன். பயம் அப்படியேதான் இருந்தது. நான் விலகவில்லை, அவ்வளவுதான்.

பிஸ்கட் ஒதுங்கிப் போகப் பார்த்தது. நான் அதன் மேலேயே விழுந்தேன். கையில் வார் கிடைத்தது. கொஞ்ச தூரம் இழுத்துக்கொண்டு போனது, நான் விடவில்லை. பின்னால் வந்த நாய்கள் என் மேல் ஏறின, கயிறு சிக்கியது, வண்டி ஒரு குலுக்கலோடு நின்றது. கண்ணைத் திறந்தால் என் முகத்தை யாரோ நக்குகிறார்கள். கையுறை போன கை பிஸ்கட்டின் கழுத்து மயிருக்குள் புதைந்திருந்தது. உள்ளே அவ்வளவு சூடு. அதன் இதயம் தடதடவென்று அடித்தது. இரண்டு பேரும் நடுங்கிக்கொண்டிருந்தோம். அதில் எது அதனுடைய நடுக்கம், எது என்னுடையது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

வழிகாட்டி நொண்டிக்கொண்டே வந்து சேர்ந்தார். முதல் வேலையாகக் கொக்கியை ஒரு மரத்தில் மாட்டினார். பிறகு பதறிப்போய் அன்ரியிடம், நீங்கள் நலமா என்று கேட்டார். அன்ரி வாயைத் திறந்தார்.

“அன்ரி! தலையை மட்டும் ஆட்டுங்க!”

திறந்த வாய் மூடிக்கொண்டது. பெரிதாக ஒருமுறை தலையாட்டினார். அப்புறம்தான் எங்களுக்கு மூச்சே வந்தது. அன்ரியின் ‘ஓம்’ பிஸ்கட்டின் காதில் ‘ஹோம்’ என்று விழுந்த விஷயத்தைச் சொன்னதும் வழிகாட்டி பனியில் உட்கார்ந்து அழுவதுபோலச் சிரித்தார். “அவ கேட்டவ, நான் ஓம் எண்டனான். அது பிழையே?” என்று என் காதருகே கிசுகிசுத்தார் அன்ரி. அவருடைய கை மட்டும் என் சட்டையை விடவே இல்லை.

அதற்குள் கணுக்கால் வீங்கி, வழிகாட்டியால் நிற்கவே முடியவில்லை. அவரை அன்ரிக்குப் பின்னால் உட்கார வைத்தோம். பின்பக்கம் கையை நீட்டிப் பிரேக்கை அவர் பிடித்துக்கொள்ள, பிஸ்கட்டின் வாரைப் பிடித்து நடத்திக்கொண்டு போக வேண்டியது நான்தான். சாலையில் வண்டி இல்லை என்று பார்த்துக் கடந்தேன். லாரி வரை அந்த முதுகிலிருந்து கையை எடுக்கவில்லை. சொல்லப்போனால், எடுக்கப் பயமாக இருந்தது.

அங்கிள் பிளாஸ்கைக் கீழே வைத்துவிட்டு எங்களைப் பார்த்தார். “நாயைக் கண்டால் வேலிக்கு அங்கால நிக்கிற தம்பி நாயைக் கொண்டு வாறார், நாய்க்காரி சவாரி வாறா. என்ன நடந்தது?” அன்ரி நாய்களை ஒரு பார்வை பார்த்தார். “காருக்குள்ள சொல்றன். இங்க வாய் திறக்கேலாது” என்றார் மெதுவாக. நாங்கள் பஸ்ஸில் வந்தோம் என்பதுகூட அவருக்கு மறந்துவிட்டது.

திங்கட்கிழமை மல்கிரேவுக்குப் போனேன். அந்த நாய் அதே கதவுக்குப் பின்னால் அதே மாதிரி குரைத்தது. எல்லாம் மாறிவிட்டது என்று சொல்ல எனக்கும் ஆசைதான், ஆனால் கை ஆடியது. இடுக்கியைத் தட்டில் வைத்தேன். உள்ளே இருக்கும் நாய்க்கும் பிஸ்கட்டைப் போலவே அந்தச் சூடு இருக்கும், அந்தத் தடதடப்பு இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். மூச்சு நிதானமாகும்வரை காத்திருந்தேன். ஆரம்பிக்கலாமா என்று பெரியவர் கேட்டார். என் வாயில் வந்தது ‘ஓம்’. அவருக்குப் புரியவில்லை, ஆனால் காலை நீட்டினார். நாய் குரைத்துக்கொண்டே இருக்க, புண்ணைச் சுத்தம் செய்து கட்டுப் போட்டு முடித்தேன். மேற்பார்வை நர்ஸ் கையெழுத்துப் போட்டார்.

இன்றும் நாய் குரைத்தால் எனக்குள் ஏதோ ஒன்று பின்வாங்கத்தான் செய்கிறது. பயம் போகட்டும், பிறகு போகலாம் என்று பத்து வயதிலிருந்து நின்றுகொண்டிருந்தவன் நான். அதுவும் கூடவே வரட்டும் என்று நடக்கக் கற்றுக்கொள்ள ஆன செலவு, கிழிந்த வாடகை உடுப்புக்கும் தொலைந்த கையுறைக்கும் சேர்த்து ஐம்பத்தைந்து டாலர்.