என் மகள் பத்திரிகையும் ஒரு பாய்மரப் படகும்

மூன்று நாளாக வலது கைக் கட்டைவிரல் மடங்க மறுக்கிறது. இந்தப் பத்தியையே போனில் பேசிப் பேசித்தான் டைப் செய்கிறேன். எழுதி எழுதித் தேய்ந்த கை என்று நினைத்து யாரும் உச்சுக்கொட்ட வேண்டாம். காரணம், என் மகளின் கல்யாணப் பத்திரிகை.

ஆவணியில் கல்யாணம். மகள் ஒரு தொந்தரவும் தரவில்லை. "அப்பா, ஆல்பத்துல நல்லதா ஒண்ணு பாத்து அடிக்கக் குடுத்துருங்க" என்று சொல்லிவிட்டாள். அதோடு விட்டிருந்தால் பிழைத்திருப்பேன்.

ஆனால் சில வருஷம் முன்பு, இதே பத்தியில் கல்யாணப் பத்திரிகைகளை நான் கிழி கிழி என்று கிழித்தது உங்களில் சிலருக்கு ஞாபகம் இருக்கலாம். "இது பத்திரிகையா, டெலிபோன் டைரக்டரியா? பெண்ணையும் மாப்பிள்ளையையும் கண்டுபிடிக்க பூதக்கண்ணாடி வேண்டும்" என்றெல்லாம் எழுதி, நாலு பேர் பாராட்டவும் செய்தார்கள். இப்போது என் வீட்டுப் பத்திரிகையிலேயே ஐம்பது பெயரைப் போட்டால் ஊர் சிரிக்காதா?

ஆகவே, நானே டிசைன் செய்தேன். நீலக் கடல், ஒரு பாய்மரப் படகு, உச்சியில் சின்னதாக ஒரு கொடி. நடுவில் மணமக்கள் பெயர், தேதி, மண்டபம். உறவினர் பெயர் ஒன்றுகூடக் கிடையாது. கீழே ஓரத்தில், அழைப்பவன் என்ற முறையில், ஓவியர்கள் போடுவதுபோல் சாய்வாக என் கையெழுத்து மட்டும்.

என் மனைவி வாங்கிப் பார்த்தாள். "எங்கண்ணன் பேரு எங்க?"

"இதுல யாரு பேரும் கிடையாது. அதுதான் புதுமை."

"அவரு பேரு இல்லைன்னா பத்திரிகைய வாங்க மாட்டாரு. கல்யாணத்துக்கும் வர மாட்டாரு. தாய்மாமன் மாலை போடாம எம்பொண்ணு எப்பிடி மணவறையில உக்காருவா?"

மச்சானைப் பற்றிச் சொல்ல வேண்டும். திருப்புல்லாணிப் பக்கம் மிளகாய் விவசாயம். எங்கள் புதுமனை புகுவிழாப் பத்திரிகையில் அவர் பெயருக்கு முன்னால் என் தம்பி பெயர் வந்துவிட்டது. விழாவுக்கு வந்தார், சாப்பிடாமல் போனார். அதற்குப் பிறகு எங்கள் வீட்டு வாசல்படியை மிதிக்கவில்லை. "அதெல்லாம் நான் பேசிக்கிறேன்" என்று மனைவியிடம் சொன்னேன். பேசவில்லை. பயம்தான், வேறென்ன?

ராமநாதபுரத்தில் நாலு கடை ஏறி இறங்கினேன். முதல் கடைக்காரர் தடிமனான ஆல்பத்தைத் தள்ளி, "நம்பர் சொல்லுங்க சார்" என்றார். நம்பர் இல்லை, என் சொந்த டிசைன் என்றேன். நோயாளியைப் பார்ப்பதுபோல் பார்த்தார். அடுத்தவர் படத்தைத் திருப்பித் திருப்பி, "பிள்ளையார் எங்கன சார் இருக்காரு?" என்று தேடினார். படகுதான் இருக்கிறது என்று தெரிந்ததும் கும்பிட்டுத் திருப்பிக் கொடுத்துவிட்டார். மூன்றாமவர், "முந்நூறு கார்டுக்கெல்லாம் சிவகாசியில மெஷின் ஓட்ட மாட்டாக" என்றார். நாலாவது கடையில் கரண்ட் இல்லை.

கடைசியில் யாரோ சொல்லி, பாம்பன் பாலம் தாண்டி தங்கச்சிமடத்துக்கு பஸ் ஏறினேன். அங்கே செல்போன் கடையை ஒட்டி ஒரு சின்ன டிஜிட்டல் பிரஸ். நடத்துகிறவர் ஸ்டெல்லா. வீட்டுக்காரர் கடலுக்குப் போகிறவர். ஸ்டெல்லா என் படத்தை ரொம்ப நேரம் பார்த்தார். ஆகா, ரசனை உள்ள பெண் என்று நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

"சார், கொடி இந்தப் பக்கம் பறக்குது. பாய் அந்தப் பக்கம் உப்பியிருக்கு. காத்து எங்கேருந்து அடிக்குது?"

கடற்கரை மாவட்டத்திலேயே பிறந்து வளர்ந்தவன் நான். காற்றைப் பற்றி யோசித்ததே இல்லை.

"கல்யாணப் பத்திரிகையில கவுழப்போற படகைப் போடலாமா சார்? கொடியத் திருப்பிக்கிருவோம். அது இருக்கட்டும், தாய்மாமன் பேரு எங்க?"

இங்கேயுமா! புதுமை, எளிமை என்று நான் ஆரம்பித்தேன். முழுசாகக் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார். "இது தாய்மாமனுக்குத் தெரியுமா?"

நான் பாலத்துப் பக்கம் பார்த்தேன்.

"மொதல்ல அவருகிட்டக் கேட்டுட்டு வாங்க சார். பேரு விட்டுப்போச்சுன்னு சண்ட போட்டுட்டு வந்தா, என்னால ரெண்டாவது தடவ அடிக்க ஏலாது."

அவ்வளவுதான், என் கொள்கை பாலம் தாண்டுவதற்குள் கரைந்துவிட்டது. வீட்டுக்கு வந்து மச்சான் பெயரை முதலில் எழுதினேன். மச்சான் பெயர் வந்தால் அக்கா வீட்டுக்காரர் பெயர் வேண்டாமா? அவர் வந்தால் என் தம்பி? தம்பி வந்தால் சித்தப்பா வீடு? பட்டியல் நாற்பத்தேழில் நின்றது. என் நீலக் கடலில் தண்ணீர் தெரியவில்லை, பெயர்கள்தான் தெரிந்தன.

ஸ்டெல்லா போன் செய்தார். "சார், கடைசி ரெண்டு பேருக்கு இடம் பத்தல. கீழ உள்ள உங்க கையெழுத்த எடுத்துட்டு, உங்க பேர மேல அச்சுல போட்டுக்கிருவமா?"

"எடுத்துரும்மா. மேல எப்படி வரணும்னு எழுதி அனுப்புறேன்."

அனுப்பினேனா? 'நீலம் கொஞ்சம் அடர்த்தி' என்று அனுப்பினேன். 'பாயின் நுனி மழுங்கியிருக்கிறது' என்று அனுப்பினேன். அச்சுக்கு முன் மாதிரி வந்தது. மனைவி தன் பக்கத்துப் பெயர்களைச் சரிபார்த்தாள். தம்பி வந்து அவன் பெயரைப் பார்த்துவிட்டுப் போனான். அவரவர் பெயரை அவரவர் பார்த்தார்கள். நான் படகைப் பார்த்தேன். ஓகே சொல்லிவிட்டேன்.

முந்நூறு கார்டும் வந்து சேர்ந்தன. முதல் பத்திரிகையைக் குலசாமிக்கு வைத்துவிட்டு, அடுத்ததன் நாலு மூலையிலும் மஞ்சள் தடவி, வெற்றிலை பாக்கோடு தட்டில் வைத்து மச்சான் வீட்டுக்குப் போனோம். வாசலில் மிளகாய் காய்ந்துகொண்டிருந்தது. எனக்குத் தும்மல்.

மச்சான் தட்டைத் தொடவில்லை. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பத்திரிகையை மட்டும் எடுத்தார். என் படகை அவர் கண் கடந்து போனது. கட்டைவிரல் நேராக அவர் பெயரில் போய் நின்றது. முதல் பெயர். மனைவி மூச்சு விட்டாள்.

விரல் மறுபடி நகர்ந்தது. மேலிருந்து கீழே, கீழிருந்து மேலே.

"மாப்ள, உங்க பேரு எங்கன இருக்கு?"

சிரித்துக்கொண்டே காட்டப் போனேன். இல்லை. திருப்பிப் பார்த்தேன். பின்பக்கம் மண்டபத்துக்கு வழிதான் இருந்தது.

பெயரில் என்ன இருக்கிறது என்று கிண்டலடித்து எழுதியவன் நான். பெற்று வளர்த்த மகளின் கல்யாணத்தில் நாற்பத்தேழு பேர் அழைக்கிறார்கள், நான் இல்லை! அன்று மச்சான் ஏன் சாப்பிடாமல் போனார் என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது.

"தப்புதான் மச்சான். மன்னிச்சிருங்க" என்றேன். எந்தத் தப்பைச் சொல்கிறேன் என்று அவருக்குத் தெரிந்திருக்கும்.

"பொண்ணப் பெத்தவன் பேரு இல்லாத பத்திரிகைய நான் வாங்க மாட்டேன்." தட்டைப் பார்க்காமலே சொன்னார். மனைவி முகம் செத்துப்போனது. அவள் பக்கம் திரும்பினார். "ஏத்தா, ஏன் நிக்கிற? அந்த அலமாரியில பேனா இருக்கு, எடுத்தா."

பேனா வந்தது. "எழுதிக் குடுங்க மாப்ள. வாங்கிக்கிறேன்."

மச்சான் பெயருக்கு மேலே கிடந்த கொஞ்சம் நீலத்தில் என் பெயரை எழுதினேன். எழுத்து கோணல். அதன் பிறகுதான் மச்சான் எழுந்து, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, இரண்டு கையாலும் தட்டை வாங்கினார்.

"மிச்சம் எத்தன கெடக்கு?"

"ஏறக்குறைய முந்நூறு."

"ஒத்தையில எப்ப எழுதி முடிப்பீக? இருங்க, நானும் வாரேன்."

எங்களுக்கு முன்னாலேயே மொபெட்டில் வந்து எங்கள் வாசலில் நின்றார். நான் கதவைத் திறந்ததும் உள்ளே வந்து கூடத்தில் சம்மணமிட்டு உட்கார்ந்து, ஒவ்வொரு கார்டாக எடுத்து நீட்டினார். நான் எழுதினேன். மை காய ஊதி ஊதி அடுக்கியதும் அவர்தான். மத்தியானம் சாப்பிட உட்கார்ந்தவர் இரண்டாம் தடவை ரசம் கேட்டார். மனைவி ரசம் எடுக்கப் போன சாக்கில் அடுப்படியில் நின்று மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள்.

நேற்று சென்னையிலிருந்து ஒரு நண்பர் போன் செய்தார். "பத்திரிகை வந்துச்சு சார். எல்லாப் பேரும் அச்சுல, உங்க பேரு மட்டும் கையால... என்ன ஒரு டிசைன்! யாரு ஐடியா?"

கொஞ்சமும் கூசாமல், "என்னோடதுதான்" என்றேன்.

மச்சானிடம் சொல்லிவிடாதீர்கள்!