மாணிக்கராஜின் பெயர்ப்பலகை

பல் துலக்கிக்கொண்டே துரை பக்கத்து வீட்டைப் பார்க்கிறார். மாணிக்கராஜ் புதிதாக மாட்டிய இரும்புக் கேட், நீலக் கதவு, வாசலில் பதித்த கடப்பைக்கல் என்று ஒவ்வொன்றாகக் கண்ணால் அளந்து முடிப்பதற்குள் வாயில் நுரை காய்ந்துவிடும். பிறகு துப்பிவிட்டு, "இன்னா கேட்டு இது? அர இஞ்சு சாஞ்சிகினு கீது" என்று மனைவி தாயம்மாவிடம் சொல்வார். சாய்ந்துதான் இருக்கும். முப்பது வருடம் சுரங்கத்துக்குள் பாறை சரியாமல் தாங்க மரமுட்டு நிறுத்தியவர். அவர் கண் தப்பாது.

கோலார் தங்க வயலில், சுரங்கக் கம்பெனி வரிசையாகக் கட்டிய ஊரிகத்து லைன் வீடுகளுக்கெல்லாம் முன்பு ஒரே கூரை, ஒரே பச்சைக் கதவு. ஷிப்ட் முடிந்து தூக்கக் கலக்கத்தில் வருகிறவர்கள் வீடு மாறி நுழைந்து திட்டு வாங்குவார்கள். இப்போது யாரும் மாறுவதில்லை. குடியிருப்பவர்களுக்கே கம்பெனி வீட்டை விற்றபின் ஆளுக்கொரு நிறம் அடித்துவிட்டார்கள். துரையின் கதவு மட்டும் இன்னும் பச்சை.

அதற்குக் காரணம் அவர் வாய்தான். சுரங்கத்தை மூடப்போகிறார்கள் என்றதும், "நம்ப ஒழைச்ச வூட்ட நம்பளே துட்டு குட்த்து வாங்கணுமா? எவனும் மனு போடாதீங்க" என்று லைன் முழுக்கச் சொன்னார். "கரெக்ட்டுண்ணா" என்று முதலில் தலையாட்டியவன் மாணிக்கராஜ். மறுநாளே மனு கொடுத்தவனும் அவன்தான். துரை மனு போடாமலே கடைசித் தேதி போய்விட்டது. எப்போது காலி பண்ணச் சொல்வார்களோ என்று, தபால்காரரைக் கண்டாலே துரை உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொள்கிறார். ஏமாற்றியதைக்கூட மன்னித்துவிடுவார், அந்தக் கதவின் நீலத்தைப் பார்த்தால்தான் வயிறு எரிகிறது.

"அவன் பொயச்சிகினான். நீ பேசிகினே இரு" என்கிறாள் தாயம்மா.

நேற்று ஞாயிற்றுக்கிழமை, மாணிக்கராஜே வந்து நின்றான். கையில் பித்தளைப் பெயர்ப்பலகை. "அண்ணா, உன்ன மாதிரி நேரா மாட்ட யாரால ஆவும்?"

முடியாது என்று சொல்லத்தான் துரை வாயைத் திறந்தார். கை என்னவோ ரசமட்டத்தைத் தேடி எடுத்துவிட்டது. போய், துளை போட்டுத் திருகாணிகளை முடுக்கினார். ஒரு நூல் அளவுகூடச் சாயவில்லை.

"இருண்ணா, காபி எட்தாறேன்" என்று மாணிக்கராஜ் உள்ளே போனான்.

துரை இரண்டு பக்கமும் பார்த்தார். பலகையில் பொறித்திருந்த பெயரை உள்ளங்கையால் மூடிக்கொண்டு அந்த வீட்டை ஏற இறங்கப் பார்த்தார். உள்ளேயிருந்து காலடிச் சத்தம் கேட்கும்வரை கையை எடுக்கவில்லை.