வெள்ளிமலையில் ஒரு பச்சை வெளிச்சம்

வெள்ளிமலை, காலை 9.10. தகரக் கூரை போட்ட தியான அறையில் பச்சை வெளிச்சத்துக்குள் உட்கார்ந்திருக்கிறேன். கிழக்குச் சன்னலில் ஆறு வண்ணக் கண்ணாடிகள். ஆளுக்கு ஒரு நிறம். நிறம் கண்ணாடியிலும் இல்லை, வெயிலிலும் இல்லை, வந்து விழும் இடத்தில்தான் பிறக்கிறது என்பது இங்கே சிலர் கடைப்பிடிக்கும் நெறி. மேலே விழுந்த நிறம் தானாக விலகும்வரை எழக்கூடாது. சூரியன் ஏற ஏற அது மார்பிலிருந்து மடிக்கும், மடியிலிருந்து தரைக்கும் இறங்கும்.

என் பச்சை இன்னும் மார்பில்தான் இருக்கிறது. கள்ளக்குறிச்சி பேருந்து 9.30க்கு. அதை விட்டால் அடுத்தது மாலையில்தான். பகல் ஒரு மணிக்கு அங்கே என் தங்கை மகளுக்கு நிச்சயதார்த்தம். தாய்மாமன் வராமல் தட்டு மாற்ற மாட்டார்கள்.

பக்கத்தில் சிவப்புக்குள் இருப்பவர் ஒரு கண்ணை மட்டும் திறக்கிறார்.

"இன்னா சார், வாட்ச்சயே பாத்துக்கினு இருக்கீங்க?"

"ஒன்பதரை பஸ் போய்விடும்."

"அது எங்க போவும்? குந்துங்க சார். நீங்க அவசரப்பட்டா சூரியன் இன்னா ஜாஸ்தியா ஓடுமா?"

எனக்குச் சிரிப்பும் எரிச்சலும் சேர்ந்து வருகின்றன.

9.27. அவருடைய சிவப்பு மடிக்கு இறங்குகிறது. இவ்வளவு நேரம் சிவப்பாகத் தெரிந்த சட்டை, காக்கிச் சட்டை. பையில் விசில்.

"நீங்கள் கண்டக்டரா?"

"ஆமா சார். டிரைவரு அதோ, மஞ்சள்ல."

கடைசியாக மஞ்சளும் தரைக்கு இறங்கியபின், பேருந்து 9.44க்குப் புறப்படுகிறது. சன்னலோர இருக்கையில் அமர்ந்து, குறிப்பேட்டில் தாமதத்துக்குக் காரணம் எழுதுகிறேன்: மஞ்சள்.