மினிகினுக்கு ஒரு சாட்சி

ஷூவைக் கழற்றிவிட்டுத்தான் காலைத் தூக்கி வைப்பார். முதலில் வலது, பிறகு இடது. இரண்டையும் சேர்த்து மேசைக்கடியில் ஒதுக்கிவிட்டு, காலுறை போட்ட பாதங்களைத் தகரப் பெட்டிமேல் மெதுவாக இறக்குவார். நாற்காலியில் உட்கார்ந்தால் அவர் கால் தரையைத் தொடாது, ஒரு சாண் குறையும். அந்தக் குறையைப் பெட்டி தீர்த்துவைக்கிறது. பெட்டிக்குள் இருப்பவை காகிதச் சீட்டுகள். அகராதியிலிருந்து நாங்கள் நீக்கிய சொற்கள் எல்லாம் அதில்தான் போய்ச் சேரும். அதன்மேல் ஷூ போட்ட காலை வைக்க அவருக்கு மனம் வராது.

எங்கள் அலுவலகத்தில் ஆங்கிலம்–தமிழ் அகராதியின் புதிய பதிப்பு தயாராகிறது. ஆறு மேசைகள், ஒவ்வொன்றுக்கும் சில எழுத்துகள். அவர் மூன்றாம் மேசை. எல்லும் எம்மும் அவர் பொறுப்பு. அதற்கடுத்த இரண்டு எழுத்துகளோடு நான் நான்காம் மேசையில் இருக்கிறேன். அவர் மேசையின் முன்புறம் சீட்டுக்கட்டுகள் சுவர்போல அடுக்கியிருக்கும். அதற்குப் பின்னால் அவர் உட்கார்ந்தால் உச்சந்தலைகூடத் தெரியாது. வருகிறவர்கள் மேசை காலி என்று நினைத்துக் குடையையும் பையையும் வைத்துவிடுவார்கள். அவர்கள் போகும்போது இவர் குடையை எடுத்துக் கையில் கொடுப்பார்.

அலுவலகத்தில் அவருக்கு ‘இருக்கட்டுமே’ என்று பெயர். புதிய பதிப்பு ஒரே தொகுதியாக வரவேண்டும் என்று முடிவான நாளிலிருந்து இந்தப் பெயர் நிலைத்துவிட்டது. ஒவ்வொரு மேசையும் இருநூறு சொற்களை வெட்டவேண்டும். எனக்கு வெட்டுவது பிடிக்கும், அதை ஒளித்துப் பேசி என்ன ஆகப்போகிறது? என் இருநூறை ஒரு மாதத்தில் முடித்துவிட்டு மற்றவர்கள் மேசையை எட்டிப் பார்க்க ஆரம்பித்தேன். அவரோ மூன்று மாதத்தில் எழுபதைத் தாண்டவில்லை. எந்தச் சொல்லைக் காட்டி, இதை எடுத்துவிடலாமே என்று கேட்டாலும் ஒரே பதில்தான்.

“இருக்கட்டுமே. அது என்ன சோறு தண்ணியா கேக்குது?”

சொல் சோறு கேட்காது, இடம் கேட்கும் என்று நான் சொல்வேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டே அந்தச் சீட்டை அடுக்கின் அடியில் செருகிவிடுவார்.

வெட்டுவதற்கு எங்களிடம் ஒரு விதி இருக்கிறது. கடந்த ஐம்பது வருடத்தில் யாராவது ஒருவர், எழுத்தில், தன் சொந்தக் காரியத்துக்காக அந்தச் சொல்லைப் பயன்படுத்தியிருக்க வேண்டும். அதற்குச் ‘சாட்சி’ என்று பெயர். சாட்சி இருந்தால் சொல் இருக்கும், இல்லையென்றால் பெட்டிக்குப் போகும். வியாழக்கிழமைக் கூட்டத்தில் சாட்சியை உரக்கப் படித்து, மூன்று பேர் கையெழுத்துப் போடவேண்டும். இந்த விதியைப் பிடித்துக்கொண்டு அவர் ஆடிய ஆட்டம் கொஞ்சநஞ்சமில்லை. மல்லிகிரப்ஸ் என்று ஒரு சொல். வயிற்றுவலி என்றும், காரணம் தெரியாத மனச்சோர்வு என்றும் பொருள். அதற்காக ஒரு விடுதியின் பழைய புகார்ப் புத்தகங்களை நான்கு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து புரட்டினார். கடைசியில் யாரோ ஒரு விருந்தாளி, உங்கள் காலை உணவால் எனக்கு மல்லிகிரப்ஸ் வந்தது என்று எழுதியிருந்ததைக் கண்டுபிடித்தார். சொல் பிழைத்தது. அன்றைக்கு எங்கள் எல்லோருக்கும் அவர் செலவில் டீ.

தினமும் சரியாக ஒரு மணிக்கு வாசல் மேசையில் இருக்கும் போன் அடிக்கும். அவர் மனைவி. நீச்சல் குளத்தில் பயிற்சி கொடுக்கிறவர். குளத்தின் இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்குப் பேசிப் பழகிய தொண்டை என்பதால், போனை எடுக்கும் பெண் அதைக் காதிலிருந்து ஒரு முழம் தள்ளித்தான் பிடித்துக்கொள்வாள். “மூணாம் மேசையக் கூப்பிடுங்க. கண்ணுக்குச் சொட்டு மருந்து போட்டாச்சான்னு கேக்கணும்.” ஆறு மேசைக்கும் கேட்கும். அவர் எழுந்து போய், போட்டாச்சு போட்டாச்சு என்று காதும் காதும் வைத்தமாதிரி சொல்லிவிட்டு வந்து, பிறகுதான் மருந்தைப் போடுவார். அந்த அம்மாவை நான் ஒரே ஒரு தடவை நேரில் பார்த்திருக்கிறேன். மழைநாளில் அவருக்குக் குடை கொண்டுவந்தார். எங்கள் வாசல்படி தாழ்வானது, குனிந்துதான் உள்ளே வந்தார். பக்கத்தில் போய் நின்றபோது கணவர் அந்த அம்மாவின் தோளுயரம்கூட இல்லை. இருவரும் அதைப் பற்றிக் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை.

நூற்று எழுபது வெட்டியபின் அவரிடம் ஒரு சீட்டு மட்டும் இடம் மாறிக்கொண்டே இருப்பதைக் கவனித்தேன். காலையில் அடுக்கின் அடியில் இருக்கும், மதியம் மூக்குக்கண்ணாடிக் கூட்டுக்குள் இருக்கும், சாயங்காலம் சட்டைப்பை வரைக்கும் போய்த் திரும்பிவரும். எட்டிப் பார்த்தேன். மினிகின். சீட்டில் ஐந்து பொருள் எழுதியிருந்தது. நுணுக்கமான சிறிய உருவம் கொண்ட ஆள். செல்லமாக அழைக்கும் சொல், நம் ‘குட்டி’ மாதிரி. மிகச் சிறிய குண்டூசி. அந்தக்கால நரம்பு வாத்தியத்தில் இருப்பவற்றிலேயே மெல்லிய நரம்பு. அச்சு எழுத்தில் ஆகக் குறைந்த அளவு. ஒரு சின்னச் சொல்லுக்கு இத்தனை சுமை. ஆனால் சாட்சி என்ற இடத்தில் ஒன்றுமே இல்லை.

மினி என்பதிலிருந்து வந்த பழைய சொல்தானே, மினியே இருக்கும்போது இது எதற்கு என்று கேட்டேன். அவர் இவ்வளவு வேகமாகப் பதில் சொல்லி நான் பார்த்ததில்லை. “மினிக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. இது பழைய டச்சு மொழியிலேர்ந்து வந்தது. அதுல அன்புன்னு ஒரு சொல் இருக்கு, அதோட சின்னதுன்னு ஒரு வாலு சேந்திருக்கு. அவ்வளவுதான்.” சொல்லிவிட்டுக் காது சிவந்துபோய்ப் பென்சிலைச் சீவ ஆரம்பித்தார். அது ஏற்கெனவே சீவியிருந்த பென்சில்.

காதுச் சிவப்பின் காரணத்தை அவர் பிற்பாடுதான் சொன்னார். வாசகரை ஏன் காக்கவைக்க வேண்டும், இப்போதே சொல்லிவிடுகிறேன். போன பதிப்புக்கும் இந்த எழுத்தைப் பார்த்தவர் அவர்தான். அப்போது புதிதாகக் கல்யாணம் ஆனவர். சீட்டுகளை வீட்டுக்கு எடுத்துப்போகக் கூடாது என்று அன்றைக்கும் விதி இருந்தது, அன்றைக்கும் மீறினார். மனைவிக்கு ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டியிருக்கிறார். அந்த அம்மா ஓர் இடத்தில் நிறுத்தி, “இருங்க, அதத் திரும்பப் படிங்க” என்றாராம். ஐந்து பொருளையும் கேட்டுவிட்டு அவரை மேலும் கீழும் பார்த்தாராம். “குண்டூசியும் நீங்கதான், நரம்பும் நீங்கதான். நான் வேற எங்க போய்ப் பேரு தேடறது?”

அன்றிலிருந்து வீட்டில் அவர் பெயர் மினிகின். விடியற்காலையில் குளத்துக்குக் கிளம்பும்முன் அந்த அம்மா ஒரு சீட்டு எழுதிக் கண்ணாடிக் கூட்டின் அடியில் வைத்துவிட்டுப் போவார். எல்லாம் உத்தரவுகள்தான். அடுப்பை அணைத்ததை இரண்டு தடவை பார்க்கவும். பால்காரரிடம் நாளைக்கு வேண்டாம் என்று சொல்லவும். ஆனால் ஒவ்வொன்றின் தலையிலும் ஆங்கில எழுத்தில் அந்தச் சொல் இருக்கும். ஒன்றைக்கூட அவர் எறிந்ததில்லை. துணி அலமாரியின் மேல்தட்டில் மூன்று பெட்டி நிறைய இருக்கிறதாம்.

“எங்களுக்குப் பிள்ளைங்க இல்ல. நாளைக்கு எங்க காலத்துக்கப்புறம் அவ தம்பி மகன்தான் வந்து வீட்டக் காலி பண்ணுவான். இந்தச் சீட்டெல்லாம் அவன் கையில கிடைக்கும். இது என்ன சொல்லுன்னு தேடுவான். நம்ம புத்தகத்துல இருக்கணும். இல்லன்னா, அத்த அவர ஏதோ திட்டியிருக்காங்கன்னு நெனச்சிடுவான்.”

அவர் பட்ட பாடெல்லாம் இதற்காகத்தான். மினிகினுக்காக மறுபடியும் விடுதிப் புகார்கள், கடிதக் கட்டுகள், வீணை ரிப்பேர்க் கடைக்காரர், தையற்கடை என்று அலைந்தார். ஒன்றும் அகப்படவில்லை. உலகத்தில் அந்தச் சொல்லைச் சொந்தக் காரியத்துக்கு எழுதுகிறவர், அவருக்குத் தெரிந்து, ஒரே ஒருவர்தான். மனைவியிடம் அனுமதி கேட்டிருக்கிறார். தாராளமாகக் கொடுங்கள், ஆனால் நல்லதாக ஒன்றைப் பார்த்துக் கொடுங்கள் என்று சொல்லிவிட்டாராம். அவர் இருப்பதிலேயே அன்பு குறைவாகத் தெரிந்த ஒன்றைத் தேடி எடுத்தார்.

வியாழக்கிழமை அதைப் பதிப்பாசிரியர் மேடத்தின் முன்னால் வைத்தார். மேடம் சட்டப் பிரிவைப் படிக்கிற குரலில்தான் எல்லாவற்றையும் படிப்பார். அதே குரலில் படித்தார். “மினிகின், குழாய்க்காரர் பத்து மணிக்கு வருவார். ஷேவ் பண்ணிட்டு உக்காருங்க. போன தடவ உங்களப் பாத்து வீட்ல பெரியவங்க யாரும் இல்லையான்னு கேட்டாரு.” அறையில் யாரும் சிரிக்கவில்லை. சிரிக்காமல் இருப்பதற்கு எல்லோரும் கஷ்டப்பட்டார்கள். ஐந்தாம் மேசைக்காரர் ஜன்னலை மூடுவதுபோல எழுந்து போய்விட்டார். மூன்றாம் மேசைக்காரர் மட்டும் நேராக உட்கார்ந்து, இது இரண்டாவது பொருளுக்குச் சாட்சி, முதல் பொருளும் கொஞ்சம் கலந்திருக்கிறது என்று விளக்கினார். வீட்டுக்குள் இத்தனை வருஷம் பொத்திவைத்த பெயரை ஆறு பேர் முன்னால் போட்டு உடைத்துவிட்டு, மனுஷன் பொருள் எண் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு அவர்மேல் பெரிய மரியாதை வந்தது. வந்த கையோடு நான் வாயைத் திறந்தேன்.

பழக்கதோஷம். வேறென்ன சொல்ல. விதியின் கீழ் ஒரு துணைவிதி இருக்கிறது, நம் அகராதியைப் பார்த்து எழுதியது சாட்சி ஆகாது என்று. எழுதியவருக்குச் சொல் எங்கிருந்து கிடைத்தது என்று எல்லாச் சாட்சிக்கும் கேட்பது வழக்கம், எல்லாவற்றுக்கும் கேட்பது நான்தான். கேட்டுத் தொலைத்தேன்.

அவர் ஏதாவது சொல்லியிருக்கலாம். காலேஜில் படித்தது, யாரோ சொன்னது, ஏதோ ஒரு புத்தகம். ஒருவரும் போய்த் துருவப்போவதில்லை. நானே அப்படி ஏதாவது சொல்லித் தொலையுங்களேன் என்று மனதுக்குள் கெஞ்சினேன். அவர் கையை மேசைமேல் வைத்தார்.

“நம்ம சீட்டுலேர்ந்துதான். நான்தான் வீட்டுக்கு எடுத்துட்டுப் போய்ப் படிச்சுக் காட்டினேன்.”

மேடம் இரண்டையும் குறித்துக்கொண்டார். சொல் நீக்கம் என்று ஒரு வரி, சீட்டு வெளியே போனது என்று ஒரு வரி. நீக்கத்துக்கும் கையெழுத்து வேண்டும். முதல் கையெழுத்து அந்தந்த மேசைக்காரருடையது. அவர் போட்டார். அவர் கையெழுத்து எப்போதுமே கொசு உட்கார்ந்த அளவுதான் இருக்கும், அன்றைக்கும் அப்படித்தான் இருந்தது. பிறகு மேசைக்கடியில் குனிந்து பெட்டியைத் திறந்து, தன் கையாலேயே மினிகினை உள்ளே வைத்து மூடினார். குழாய்க்காரர் சீட்டை மட்டும் மேடம் மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

டீக்கு அவரை நான்தான் இழுத்துக்கொண்டு போனேன். வீட்டுக் கதை, மூன்று பெட்டி, தம்பி மகன் எல்லாம் அங்கேதான் தெரியவந்தது. எனக்கு அழுகை வராத குறை. வெட்டினால் சொல் செத்துப்போகாது, நம் புத்தகத்தில் இருக்காது, அவ்வளவுதான் என்று, நாங்கள் எல்லோருக்கும் சொல்கிற ஆறுதலைச் சொன்னேன். அவர் டீயை ஆற்றிக்கொண்டே, நீங்கள் கேட்டது சரியான கேள்வி என்றார். திட்டியிருந்தால் தேவலை.

மத்தியானம் திரும்பிவந்து உட்கார்ந்தவர் ஷூவைக் கழற்றவில்லை. பெட்டியின்மேல் காலும் வைக்கவில்லை. அடுக்குக்குக் கீழே, அந்த ஒரு சாண் இடைவெளியில், இரண்டு ஷூக்களும் சாயங்காலம்வரை தொங்கிக்கொண்டிருந்தன.

வெள்ளிக்கிழமையும் அப்படியே தொங்கின. ஒரு மணிக்குப் போன் அடித்தது. எடுத்த பெண் வழக்கம்போல ஒரு முழம் தள்ளிப் பிடித்தாள். பிறகு என்ன நினைத்தாளோ, காதுக்குப் பக்கத்தில் கொண்டுபோனாள். இன்னொரு தடவை கேட்டுவாங்கிக்கொண்டாள். அவள் வாசல் மேசைக்காரி, வியாழக்கிழமைக் கூட்டத்துக்கு வருகிறவள் அல்ல. போனின் வாயைக் கையால் பொத்திக்கொண்டு எங்கள் பக்கம் திரும்பி, ஊரெல்லாம் கேட்கும்படி கேட்டாள்.

“இங்க மினிகின்னு யாரு? அவரத்தான் கூப்பிடணுமாம். மூணாம் மேசையான்னு கேட்டா, இனிமே அந்த மேசைப் பேரு வேணாம்னு சொல்றாங்க.”

ஐந்து மேசைகளும் ஒரே சமயத்தில் வேலையில் மூழ்கின. நான் தலை குனிந்து ஒரு காலி சீட்டைப் படித்துக்கொண்டிருந்தேன். மூன்றாம் மேசையில் சீட்டுக்கட்டுகள் மட்டும்தான் தெரிந்தன. பிறகு அந்த அடுக்குக்குப் பின்னாலிருந்து, வகுப்பில் பெயர் கூப்பிட்ட பையன் மாதிரி, பென்சிலோடு ஒரு கை நேராக மேலே எழுந்தது.