பேய் என்ற அடைமொழி

செடிகொடிகளின் பெயருக்கு முன்னால் ‘பேய்’ என்று ஓர் அடைமொழி வரும். பேய்ச்சுரை, பேய்ப்பீர்க்கு, பேய்ப்புடல், பேய்க்குமட்டி, பேய்க்கரும்பு, பேயத்தி. தாவரவியல் சொல்லிக்கொடுத்துப் பிழைக்கிறவன் நான். பாடப்புத்தகத்தில் இந்தச் சொல்லுக்கு இடமில்லை. பிள்ளைகள் கேட்டால் மட்டும் சொல்வேன். இப்போதெல்லாம் பிள்ளைகளும் கேட்பதில்லை.

பேய் மழை என்றால் கொட்டித் தீர்க்கிற மழை. பேய்க்காற்று என்றால் தகரத்தைப் பிய்த்துக்கொண்டு போகிற காற்று. அங்கே அந்தச் சொல்லுக்கு அளவு மீறியது என்று பொருள். எங்கள் அருப்புக்கோட்டைப் பக்கம் பேய்க்காற்றைப் பார்த்திருக்கிறேன். பேய் மழையைச் சொல்லாகத்தான் தெரியும். செடிக்கு முன்னால் வரும்போது இந்த அர்த்தம் செல்லாது. பேய்க்கரும்பு பெரிய கரும்பு அல்ல. திருச்சுழிப் பக்கம் குண்டாற்றுக்குள் கரும்பு மாதிரியே தோகை விரித்து நிற்கும். ஒடித்துக் கடித்தால் இனிப்பு இருக்காது. பேயத்தியில் அத்திப்பழம் மாதிரியே குலைகுலையாகத் தொங்கும், மனுஷர் தின்பதில்லை. நாம் தின்கிற ஒன்றின் சாயல் இருக்க வேண்டும், ஆனால் நமக்கு ஆகாததாக இருக்க வேண்டும். அப்போதுதான் அதற்குப் பேய் என்று பெயர் வைக்கிறார்கள். எந்தச் சாயலும் இல்லாத விஷச்செடியை யாரும் பேய் என்று சொல்வதில்லை. எருக்கு எருக்குதான்.

பேய்மிரட்டி என்று ஒரு மூலிகை உண்டு. அது பேயை மிரட்டுவது என்ற பொருளில் வந்த பெயர். இந்தக் கூட்டத்தில் சேராது.

இவற்றில் பேய்ச்சுரையின் கதை தனி. மற்றவற்றைக் கண்ணாலேயே பிரித்துவிடலாம். பேயத்தி இலையைத் தடவினால் சொரசொரவென்று இருக்கும். சுரையில் அது நடக்காது. அதே இலை, பொழுது சாயும்போது விரிகிற அதே வெள்ளைப் பூ, அதே பச்சைக் காய். விதையும் அதே விதைதான். புத்தகம் இரண்டுக்கும் ஒரே லத்தீன் பெயரைத்தான் கொடுக்கிறது. நல்ல காயிலிருந்து விழுந்த விதையே அடுத்த தலைமுறையில் பேயாகிவிடும். வெயிலில் தவித்த கொடியில் கசப்பு ஏறும் என்றும் சொல்வார்கள். எங்கள் ஊரில் தவிக்காத கொடி எது? நல்லதா பேயா என்று சொல்ல நாக்கு ஒன்றுதான் வழி.

அதனால் எங்கள் பக்கம் ஒரு வழக்கம் உண்டு. தானாக முளைத்த கொடியை யாரும் பிடுங்க மாட்டார்கள். காய்க்கட்டும் என்று விட்டுவிடுவார்கள். முதல் காயை அறுத்ததும், சமைக்கிற பெண் காம்புப் பக்கம் ஒரு கீற்றை நறுக்கி நாக்கில் வைத்துப் பார்ப்பாள். கசந்தால் துப்புவாள், காயைத் தூக்கிக் குப்பையில் எறிவாள். “பேயி” என்பாள். அவ்வளவுதான் சடங்கு. ஆண்கள் யாரும் இப்படிச் சுவைத்துப் பார்த்து நான் கண்டதில்லை. சமைத்த பிறகு உப்பில்லை என்று சொல்வதோடு நம் கடமை முடிந்துவிடுகிறது.

என் அண்ணன் லாரி ஓட்டியவர். பந்தல்குடிக்குக் கிழக்கே ஒரு கிராமத்தில் வீடு. தூத்துக்குடிக்கு உப்பு லோடு ஏற்றப் போவதும் வருவதுமாகவே காலம் போயிற்று. ரோட்டோரக் கடைகளில் கண்ட நேரத்தில் தின்று, கண்ட நேரத்தில் தூங்கி, ஐம்பதைத் தாண்டியதும் சர்க்கரை வந்தது. வந்ததை அவர் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. “ரத்தத்துல சீனி இருந்தா நல்லதுதானலே, டீக்குச் சீனி வாங்க வேண்டாம்ல” என்று சிரித்தார்.

அவர் சிரிப்பை நிறுத்தியது, கூட ஓட்டிய ஒரு டிரைவருக்குக் கால் போனபோது. செருப்புக் கடித்த புண் ஆறவில்லை. விரலை எடுத்தார்கள், பிறகு பாதத்தை, பிறகு முழங்காலுக்குக் கீழே. அந்த மனிதர் வீட்டு வாசலில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து போகிற வருகிற லாரிகளைப் பார்த்துக்கொண்டிருப்பதை அண்ணன் பார்த்துவிட்டு வந்தார். அன்றிலிருந்து குளித்ததும் இரண்டு காலையும் தூக்கி வைத்து, விரல் இடுக்கையெல்லாம் துடைத்து, வெளிச்சத்தில் பார்ப்பார். ஒருநாள் சுண்டுவிரல் பக்கத்தில் சின்னப் புண் ஒன்றைக் கண்டார். முள் குத்தியதாகத்தான் இருக்கும். ஆனால் லேசில் ஆறவில்லை.

அதன்பிறகு கசப்பு என்று எதைக் காட்டினாலும் வாயில் போட்டார். காலையில் வேப்பங்கொழுந்து, மத்தியானம் பாகற்காய், ராத்திரி வெந்தயத் தண்ணீர், இடையில் யாரோ கொடுத்த சிறியாநங்கைப் பொடி. கசக்கிறதெல்லாம் சர்க்கரையை இறக்கும் என்பது எங்கள் மக்களுடைய கணக்கு. இனிப்பால் வந்ததைக் கசப்பால் விரட்டுவது. கேட்கும்போது நியாயமாகத்தான் தோன்றும். “ஒங்கண்ணன விட்டா வாசல்ல நிக்கிற வேப்பமரத்தையே தின்னுருவாக தம்பி” என்று மதினி என்னிடம் கேலி பேசுவார். மாத்திரையையும் அண்ணன் விடவில்லை. மாத்திரையை நம்பியதைவிடக் கசப்பை நம்பினார், அவ்வளவுதான்.

அந்த வருஷம் குளியலறைத் தண்ணீர் போய் விழுகிற இடத்தில் ஒரு சுரைக்கொடி தானாக முளைத்தது. வழக்கப்படி யாரும் பிடுங்கவில்லை. அது கழிவறைக் கூரைமேல் ஏறிப் படர்ந்து, சித்திரை வெயிலிலும் சாகாமல் பூத்துக் காய்த்தது. சுரைக்காய்ச் சாறு சர்க்கரைக்கு நல்லது என்று யாரோ பேசுகிற வீடியோவை அண்ணன் செல்போனில் திரும்பத் திரும்பப் பார்த்திருந்தார்.

மதினி நூறு நாள் வேலைக்காகக் கண்மாய்க்குப் போயிருந்தார். அண்ணன் தானே ஏணி வைத்து முதல் காயை அறுத்து, நறுக்கி, மிக்சியில் அடித்து, வடிகட்டிக் குடித்தார். சமையலறைப் பக்கமே போகாத மனிதர். பேர்போன அந்த வழக்கம் சமைக்கிறவளுக்காக ஏற்பட்டது. இங்கே சமையலே நடக்கவில்லை. அடுப்புப் பற்றவைக்காமல், ஒரு பெண்ணின் கை படாமல், காய் நேராக மனுஷன் வயிற்றுக்குள் போய்விட்டது.

மதினி மண்வெட்டியோடு திரும்பி வந்தபோது அவர் முற்றத்தில் வாந்தி எடுத்துக்கொண்டிருந்தார். வயிற்றாலும் போய்க்கொண்டிருந்தது. அருப்புக்கோட்டைக்கு ஆட்டோவில் கொண்டுவந்தார்கள். நான் பள்ளிக்கூடத்திலிருந்து ஓடிப் போனபோது வாந்தியில் ரத்தம் கலந்துவிட்டது. டாக்டர் சின்ன வயசுப் பெண். என்ன சாப்பிட்டார் என்று கேட்டார். “சொரக்கா ஜூஸு” என்றார் மதினி. அந்தப் பெண்ணின் முகம் மாறியது. மதினியை விட்டுவிட்டு அண்ணன் பக்கம் குனிந்து கேட்டார்.

“ஐயா, கசந்துச்சா?”

அண்ணன் கண்ணைத் திறந்தார். அப்போதும் அவர் முகத்தில் ஒரு திருப்தி இருந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், இருந்தது. “நல்லாக் கசந்துச்சு டாக்டரு. அதான் முழுசாக் குடிச்சேன்” என்றார்.

கசக்கிற சுரைக்காயின் விஷத்துக்கு முறிமருந்து எதுவும் கிடையாது, ரத்த அழுத்தம் விழாமல் பிடித்து நிறுத்தத்தான் பார்க்க முடியும் என்று சொன்னார்கள். பிறகு மதுரைக்கு அனுப்பினார்கள். மதுரையில் அண்ணன் இறந்தார். இறந்த அண்ணனின் கால்களை நான் பார்த்தேன். இரண்டும் முழுசாக இருந்தன. புண் ஆறி, தழும்பில் புதுத் தோல் வந்திருந்தது. எனக்கு அழுகைக்கு முன்னால் ஆத்திரம்தான் வந்தது. யார்மேல் என்று தெரியாத ஆத்திரம்.

ஊருக்கு அந்தச் சிரமம் இல்லை. யார்மேல் என்று அவர்கள் உடனே முடிவு செய்துவிட்டார்கள். பாலவனத்தத்தில் கட்டிக்கொடுத்த எங்கள் அக்கா, எங்கள் மூன்று பேரில் மூத்தவள், பிணத்தின்மேல் விழுந்து அழுதபோதே சொல்லி அழுதாள்: “வாயில வச்சுப் பாக்காமக் குடுத்துட்டாளே! பேயிச் சொரக்காயக் குடுத்து எந்தம்பியக் கொன்னுட்டாளே!”

ஒப்பாரியில் வந்த வார்த்தை காதுக்குக் காது போயிற்று. பொம்பளை ஒரு கீற்று நாக்கில் வைத்துப் பார்த்திருந்தால் ஆம்பளை பிழைத்திருப்பான். அதைக்கூடச் செய்யாதவள் என்ன பொண்டாட்டி? மதினி வேலைக்குப் போயிருந்தார், அண்ணன் தானே அடித்துக் குடித்தார் என்று நான் சொன்னேன். ஆம்பளை மிக்சியைத் தொட்டானா என்று கேட்டார்கள். கசப்பு என்று தெரிந்தேதான் குடித்தார், டாக்டரிடம் சொன்னதை என் காதால் கேட்டேன் என்றேன். “எவனாச்சும் தெரிஞ்சே குடிப்பானாப்பா? நீ மதினிக்குப் பரிஞ்சு பேசுற” என்றார் ஒரு பெரியவர். மதினி தண்ணீர் பிடிக்கப் போனால் குழாயடியில் பேச்சு நின்றது. அவர் கொடுத்த காப்பியைச் சிலர் தொடாமலே வைத்துவிட்டுப் போனார்கள். அதைப் பார்த்த பிறகுதான் எனக்கு விஷயம் விளங்கிற்று. அந்த வீட்டில், அந்த ஊரில், அந்தப் பெண் இனி இருக்க முடியுமா என்பதே கேள்வியாகிவிட்டது.

கருமாதிக்குச் சமையல்காரர் வாங்கி வந்த காய்களில் சுரைக்காய் மட்டும் இல்லை. யாரோ முன்கூட்டியே சொல்லியிருக்கிறார்கள். ஆனால் கூரைமேல் கொடி அப்படியே கிடந்தது. காய்த்த கொடியைப் பிடுங்கினால் வம்சத்துக்கு ஆகாது என்று அதையும் ஒருத்தரும் தொடவில்லை. பந்தலில் உட்கார்ந்திருந்த எல்லோருக்கும் அந்தக் காய்கள் தெரிந்தன. பளபளவென்று, சந்தையில் கண்டால் நானே ஆசையாக வாங்கியிருப்பேன்.

மதினிக்குப் போடக் கோடிச் சேலைகளைத் தட்டில் வைத்திருந்தார்கள். மதினியைக் கூப்பிட்டார்கள். அவர் உள்ளேயிருந்து வந்தார், பந்தலைத் தாண்டி நேராகக் கழிவறைப் பக்கம் போனார், ஏணியில் ஏறி ஒரு காயை அறுத்தார். யாருக்கும் என்ன செய்வதென்று தெரியவில்லை. அரிவாள்மனையை எடுத்துப் போட்டு, எல்லோர் முன்னாலும் உட்கார்ந்து, காம்புப் பக்கத்திலிருந்து கீற்றுக் கீற்றாக நறுக்கி, ஒரு தட்டில் வைத்துக்கொண்டு எழுந்தார். முதலில் அக்காவின் முன்னால் நீட்டினார்.

“வாயில வச்சுப் பாருங்க.”

“ஏத்தா, ஒனக்கென்ன கிறுக்கா?”

“முழுங்க வேண்டாம். வச்சுட்டுத் துப்பிருங்க. நான் வச்சுப் பாக்கலன்னு சொன்னீகள்ல. நீங்க வச்சுப் பாருங்க.”

அக்கா பிடிவாதக்காரி. வெடுக்கென்று ஒரு கீற்றை எடுத்து வாயில் போட்டாள். போட்ட வேகத்தில் துப்பினாள். முகம் கோணிப்போயிற்று. சேலைத் தலைப்பால் நாக்கைத் துடைத்தாள், மறுபடி துப்பினாள். நான் மதினிக்குப் பரிந்து பேசுவதாகச் சொன்ன பெரியவரும் எடுத்தார். அவருக்கு ஓங்கரித்துக்கொண்டு வந்தது. நானும் ஒரு கீற்றை நாக்கில் வைத்தேன். வேம்பு, பாகல், சிறியாநங்கை எல்லாம் எனக்குத் தெரியும். அவை கசப்பு. இது வாய்க்குள் யாரோ கைவிட்டு வெளியே தள்ளுவதுபோல இருந்தது. உடம்பே வேண்டாம் என்று சொன்னது. துப்பிய பிறகும் தொண்டை வரை நின்றது.

அக்கா தண்ணீர் கேட்டாள். மதினி உள்ளே போய் அண்ணனுடைய மோர் டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்தார். எவர்சில்வரில் பெரிய டம்ளர், ஒரு சின்னச் செம்பு அளவு இருக்கும். அக்கா மடக்மடக்கென்று குடித்தாள். பாதிக்கு மேல் முடியவில்லை.

“இதுல முழுசாக் குடிச்சாக” என்றார் மதினி. அவர் குரல் அப்போதுதான் உடைந்தது. “வாயில வச்சுப் பாக்காம இல்ல. வாய் நெறைய வச்சு, முழுங்கி, திரும்ப வாய் நெறைய வச்சு முழுங்கிருக்காக. துப்பத் தெரியாமலா? காலு போயிருமோன்னு பயந்து குடிச்சாக. இருக்கணும்னு குடிச்சாக.”

அக்கா கையில் டம்ளர் இருந்தது. அதற்குள் மீதித் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு எழுந்து போய் மதினியைக் கட்டிக்கொண்டு, பிணத்தின்மேல் விழுந்தபோது அழாத அழுகையாக அழுதாள். வார்த்தை ஒன்றும் வரவில்லை.

கொடியை நான்தான் பிடுங்கினேன். வேர் ஒரு சாண்கூட ஆழமில்லை, ஒரே இழுப்பில் வந்துவிட்டது.