மூக்கு நீளத்தில் போன பந்தயம்

ஓடுகிற பைக்கில் பின்பக்கம் பார்த்து உட்கார்ந்து போயிருக்கிறீர்களா? மாட்டுவண்டிப் பந்தயத்தைப் படம் பிடிக்கிறவர்களுக்கு அதுதான் ஆபீஸ் நாற்காலி. பிள்ளையை அம்மா வீட்டில் விட்டுவிட்டு வேலைக்கு ஓடுகிற தாய்மார்களே, கொஞ்சம் என்கூட ஏறிக்கொள்ளுங்கள்.

கதாநாயகி கிடைத்தாள்

தேனிப் பக்கம் கபடி, வாலிபால் என்று விளையாட்டுச் செய்தி எழுதிக்கொண்டிருந்தவள், முதன்முதலாக ஓர் ஆவணப்படத்தில் இறங்கினேன். மயிலாடும்பாறை பாண்டியம்மாள் அக்கா பூஞ்சிட்டு ஜோடி வளர்க்கிறார்கள். பந்தயத்தில் சின்ன மாடுகளுக்கான பிரிவுக்குத்தான் அந்தப் பெயர். செந்நிறத்தில் ஒரு செவலை, சாம்பல் நிறத்தில் ஒரு மயிலை. இன்னும் ஒரு பந்தயம்கூட ஜெயித்ததில்லை. "இந்தத் தடவையும் தோத்தா வித்துருவேன்" என்று அவர் வீட்டுக்காரர் சொல்லிவிட்டார். அக்கா முகத்துக்கு நேரே கேமராவை வைத்தேன். கையால் தள்ளிவிட்டார்கள்.

"மாட்டை எடு தாயி. நானா ஓடப் போறேன்?"

ஆபீஸ் நாற்காலி

பந்தய நாள். பைக் ஓட்ட என் வீட்டுக்காரர். அவர் முதுகும் என் முதுகும் ஒட்ட, இடுப்பைச் சேர்த்து ஒரு துண்டால் கட்டியாயிற்று. கொடி விழுந்ததும் அத்தனை வண்டியும் என் மேலேயே பாய்ந்து வருகிற மாதிரி இருந்தது! அக்கா வண்டி கடைசி. எல்லைக்கல்லைச் சுற்றித் திரும்புகிற இடத்தில் பாருங்கள், உள்பக்கமாக நுழைந்து நாலு வண்டியை ஒரே மூச்சில் முந்தியது. "ஏ செவலை, வாடா! வாடா என் ராசா!" என்று நான் போட்ட சத்தத்தில் என் தொண்டையே கிழிந்தது.

"ஏ புள்ள, எம்புட்டு தூரத்துல வருது?" என்று கத்தினார் என் வீட்டுக்காரர்.

"லென்சை நக்குற தூரத்துல!"

"அப்ப அதுகளை மெதுவா வரச் சொல்லு, இந்த வண்டி இதுக்கு மேல போகாது!"

சாட்சி

பந்தயம் முடிகிற கொடிக்கம்பத்தருகே துண்டை அவிழ்த்துக் குதித்து இறங்கி எடுத்தேன். அக்கா வண்டியும் இன்னொரு வண்டியும் முதலாவதாக, ஒன்றாக வந்தன. இரண்டு தரப்பும் "நாங்கதான்" என்று நின்றார்கள். விழாக் கமிட்டிக்காரர்கள் படத்தைக் கேட்டு என்னைத் தேடி வந்தார்கள். அதற்குள் நான் பார்த்துவிட்டேன். அக்கா வண்டி மூக்கு நீளத்தில் பின்னால். அழித்துவிடலாமா என்று ஒரு நொடி விரல் அரித்தது. அக்காவைப் பார்த்தேன். "காட்டு" என்றார்கள்.

போட்டேன். படத்தோடு என் கூப்பாடும் சேர்ந்து வந்தது. "இந்தப் பொண்ணு அவுக கட்சி, செல்லாது" என்று யாரோ ஆரம்பிக்க, கமிட்டித் தலைவர் கையமர்த்தினார்.

"இம்புட்டு கத்துன பொண்ணே அவுக தோத்ததைக் காட்டுதுல்ல, இதுக்கு மேல என்னப்பா சாட்சி வேணும்?"

முதல் காட்சி

மறுநாள் காலை அக்கா வீட்டு வாசலில் மாட்டுத் தரகர் வந்து நின்றுவிட்டார். நான் லேப்டாப்பைத் திறந்து, முழு ஓட்டத்தையும் அக்கா வீட்டுக்காரருக்குப் போட்டேன். தன் கட்சி தோற்றதைத் தானே படம் பிடித்து, அதைத் தானே வீடு தேடிப் போய்க் காட்டுகிறவளுக்குத்தான் விளையாட்டுச் செய்தியாளர் என்று பெயர்.

படம் முடிந்தது. அக்கா வீட்டுக்காரர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு இன்னும் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தார்.

"தாயி, அந்தத் திருப்பத்தை மட்டும் இன்னொருக்கா போடு. ஏய் பாண்டி, தரகரைப் போயிட்டு அப்புறமா வரச் சொல்லு."