ஈயத்தாள் பிடித்தவள்

ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். கொட்டாஞ்சேனையில் ஒரு ஸ்டூடியோவில் தரை கூட்டப் போய், பார்த்துப் பார்த்தே கமரா பழகினேன். வெளிநாட்டில் படித்து வந்தவர்களும் என் வெளிச்சத்தைக் கண்டு வாயடைத்துப் போனார்கள். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

யுத்த காலத்தில் நண்பர்கள் சேர்ந்து கைக்காசில் எடுத்த படமொன்றுக்கு நான்தான் ஒளிப்பதிவு. விளக்குகள் வாடகைக்கு எடுக்க வழியில்லை. தேயிலைப் பெட்டிகளின் உள்ளே இருக்கும் ஈயத்தாளை உரித்து, ஒரு பலகையில் ஒட்டினேன். அதில் வெயிலை வாங்கிக் கதாநாயகியின் முகத்துக்குத் திருப்பிப் பிடித்தவள் என் மனைவி.

வெள்ளவத்தையில் கடற்கரைக்கு இறங்கும் தார் ஒழுங்கையொன்றில், அனுமதியில்லாமல், ஆள் நடமாட்டம் குறைந்த நடுமத்தியானத்தில் எடுத்தோம். பொலிஸ் வருமுன் முடிக்க வேண்டும். அன்று கதாநாயகியின் செருப்பு அறுந்துபோக, மனைவி தன்னுடையதைக் கழற்றிக் கொடுத்தாள்.

“வெளிச்சம் பிடிக்கிறது நான், பேர் மட்டும் உங்களுக்கு,” என்றாள். பிறகு, “என்னையும் ஒருக்கால் எடுங்கோவன்.”

“பிலிம் என்ன கச்சான் கடலையே, அள்ளி அள்ளிக் குடுக்க? படம் முடியட்டும்.”

படம் முடிந்தபோது பிலிமும் முடிந்திருந்தது. அடுத்த மாதம் தாய்க்குச் சுகமில்லையென்று யாழ்ப்பாணம் போனாள். தாய்க்குக் காட்டவென்று கல்யாண அல்பத்தையும் கொண்டு போனாள். பத்து நாளில் வருவதாகச் சொல்லித்தான் போனாள்; சண்டையில் பாதை மூடிவிட்டது. மூன்று மாதம் கழித்து வந்த கடிதத்தில் தனக்குக் காய்ச்சல் என்று எழுதியிருந்தாள். அதற்கடுத்த கடிதத்தை அவளுடைய தம்பி எழுதியிருந்தான். அல்பம் இடப்பெயர்வில் போயிற்று. எத்தனையோ முகங்களைப் பிடித்த என்னிடம் அவளுடைய முகம் ஒன்றுகூட இல்லை.

போன மாதம், அந்தப் பழைய படத்தைக் கம்ப்யூட்டரில் துப்புரவாக்கும் பிள்ளை என்னைக் கூப்பிட்டாள். அந்த ஒழுங்கையில் எடுத்த கதாநாயகியின் குளோசப்பில் ஒரு பிழையாம். கண்மணிக்குள் பலகை தெரிகிறதாம்.

“அழிச்சு விடட்டே, ஐயா?”

என் படத்தில் பிழை பிடிக்க இவள் யார் என்று எனக்குக் கோபம் ஏறியது. பெரிதாக்கிக் காட்டச் சொன்னேன்.

கண்மணிக்குள் ஒரு வெள்ளைச் சதுரம். அதன் கீழே நிழலாக ஒரு சின்ன உருவம். முகம் தெரியவில்லை. ஒரு காலைத் தூக்கி மற்றக் காலின் மேல் வைத்துக்கொண்டு நின்றது. தார் சுட்டிருக்கிறது. அவள் சொல்லவில்லை, நான் கேட்கவுமில்லை.

“அதிலை கை வைக்காதை, பிள்ளை,” என்றேன். “இன்னொருக்கால் போடு.”

அந்தப் பிள்ளை ஏழெட்டுத் தரம் போட்டாள். ஒவ்வொரு தரமும், என் மனைவி கால் மாற்றுமுன் ஷாட் முடிந்துவிடுகிறது.